மெதுவாக விழுந்த பந்து

தினமும் மாலை ஐந்தரைக்கு, அன்று பார்த்தவற்றைத் தலையிலிருந்து இறக்கி வைத்துவிட்டுத்தான் ரெஜினா வீட்டுக்குப் போவாள். சர்வதேசக் காவல் மையத்தின் தூத்துக்குடிப் பிரிவில் அது விதி. காதுக்குப் பின்னால் பதித்த நினைவுப்பேழை அன்றைய படங்களைப் பூட்டிக்கொள்ளும். காலையில் திருப்பித் தரும். குழந்தைகளை வதைத்துப் படமெடுத்து விற்கும் கும்பல்களைத் தேடுகிற வேலை. பூட்டாமல் போனவர்கள் ஆறு மாதம்கூடத் தாங்கவில்லை.

அந்தச் செவ்வாய்க்கிழமை வந்த பதிவில் குழந்தையின் உருவத்தை இயந்திரம் மறைத்திருந்தது. மிஞ்சியது ஒரு சாம்பல் நிறச் சுவரும், மேசையிலிருந்து உருண்டு விழுந்த ரப்பர் பந்தும்தான். ரெஜினா அந்தப் பந்தையே திரும்பத் திரும்பப் பார்த்தாள். தரையைத் தொட அது ஒரு விநாடி எடுத்துக்கொண்டது. பூமியில் அரை விநாடிகூட ஆகாது.

“இது பூமியே இல்ல சார்,” என்றாள் மேலதிகாரி ஸ்டீபனிடம். “நிலாவுல எங்கயோ.”

நிலவில் நாற்பது குடியிருப்புகள் இருந்தன. மையத்தின் நைரோபி, ஓஸ்லோ பிரிவினர் சுவர்ப்பூச்சை ஒப்பிட்டு மூன்றே நாளில் ஒன்றைக் காட்டினார்கள். சனிக்கிழமை எட்டு நாடுகளிலும் நிலவிலும் ஒரே நேரத்தில் கதவுகள் தட்டப்பட்டன. முப்பத்தொரு பேர் கைதானார்கள். பதினான்கு குழந்தைகள் மீட்கப்பட்டார்கள். நிலவில் சிக்கியவன், அங்கே மீட்கப்பட்ட சிறுமிக்கு அடுத்த வீட்டுக்காரன்.

அவளுக்கு ஒன்பது வயது. பெயரை இங்கே சொல்வதற்கில்லை. திரை வழியாக ரெஜினாவிடம் ஒன்றே ஒன்றுதான் கேட்டாள்.

“அந்த மாமா இனிமே வர மாட்டாருல்ல?”

“வர மாட்டான்டா. பிடிச்சு அடைச்சாச்சு.”

அன்று மாலை அந்தக் குரலை மட்டும் பேழையில் பூட்ட வேண்டாம் என்று ரெஜினா சொல்லிவிட்டாள்.

சிறுமியின் அப்பா இசக்கிமுத்து நிலவுச் சுரங்கத்தில் வேலை பார்ப்பவர். “அவ எப்ப தனியா இருப்பான்னு அவனுக்கு எப்படி மேடம் தெரிஞ்சுது?” என்று கேட்டார்.

ரெஜினா அவருடைய சமூக வலைத்தளப் பக்கத்தையே திறந்து காட்டினாள். மகளின் சிரித்த முகம். கீழே அவரே எழுதியிருந்தது: ‘எனக்கும் அவ அம்மாவுக்கும் இன்னைக்கு டூட்டி. வீட்டுல மகாராணி தனி ராஜ்யம்.’

“ஊர்ல உள்ளவங்க பாக்கட்டும்னுதான்...” என்றார். ரெஜினாவின் கண் முன்னாலேயே எல்லாப் படங்களையும் அழித்தார்.

குடும்பம் பூமிக்குத் திரும்பியது. நீதிமன்றம் சிறுமிக்குப் புதுப் பெயரும் புது ஊரும் புதுப் பள்ளியும் தந்தது. உறவினர்களுக்குக்கூடத் தெரியக்கூடாது என்பது உத்தரவு.

ஜூன் மாதம் பள்ளி திறந்த அன்று காலை, ரெஜினாவின் திரையில் ஒரு படம் வந்தது. புதுச் சீருடை, அதில் பள்ளியின் முத்திரை, பக்கத்தில் பெருமையாக அப்பா. ‘புது ஊர், புதுப் பேரு. என் தங்கத்தை வாழ்த்துங்க.’ நீதிமன்றம் தந்த பெயரும் அதில் இருந்தது.

உடனே அழைத்தாள்.

“ஏன் சார் இப்படிப் பண்ணீங்க?”

“எடுத்துடுறேன் மேடம். சந்தோஷத்துல கை தானாப் போயிருச்சு. பயப்படாதீங்க, சொந்தக்காரங்க மட்டும்தான் பாத்துருக்காங்க.”

சொந்தக்காரர்கள் அதற்குள் நாற்பத்தோராயிரம் பேர் ஆகியிருந்தார்கள்.