குளியல் மாளிகைக்குக் கீழே

கயிறு வெறுமனே வந்தது!

அன்வர்தீன் கடைசி முழத்தையும் இழுத்துப் போட்டான். அறுந்த நுனிதான் சேற்றோடு வந்து காலடியில் விழுந்தது. கயிற்றின் மறுமுனையில் இருந்திருக்க வேண்டிய முனீரைக் காணோம்.

"முனீர்! ஏ முனீர்!" பெனிட்டா கல்வாய்க்காலின் வாயில் குனிந்து கத்தினாள். இருட்டு அவள் குரலை விழுங்கிக்கொண்டது. பிறகு, எங்கோ ஆழத்திலிருந்து, கல்லைக் கல்லால் தட்டும் சத்தம். டொக்... டொக்...

"உயிரோட இருக்கான்டே! வா, உள்ள போவோம்."

"பெனி, மேல பாரு." அன்வர்தீன் மலையைக் காட்டினான். கருமேகம் உச்சியை மூடியிருந்தது. "மழை வந்துச்சுன்னா இந்த வாய்க்கா நம்மள சும்மா விடாது."

"அவனையும்தான் விடாதுல்லா!"

ஒரு கடப்பாரை, மண்வாரி, தலையில் விளக்கு. இருவரும் குனிந்து உள்ளே நுழைந்தார்கள்.

துனிசியாவின் வடக்கு மலைகளில், ஆலிவ் தோப்புகளுக்கு நடுவே புதைந்து கிடந்தது வெலூனா. ரோமானியர்கள் கட்டிய நகரம். பெனிட்டா நாகர்கோவில்காரி, பழைய லத்தீன் எழுத்துகளைப் படிக்கத் தெரிந்தவள். அன்வர்தீன் கீழக்கரையைச் சேர்ந்தவன். நிலம் அளந்து வரைபடம் போடுவது அவன் வேலை. ஒரே பல்கலைக்கழகத்திலிருந்து இந்த அகழாய்வுக்கு வந்திருந்தார்கள். முனீர் மலையடிவாரத்து ஊர்க்காரன், இவர்கள் வயதுதான். பெனிட்டாவிடம் கற்றுக்கொண்ட, நண்பனை அழைக்கும் 'மக்கா' என்ற ஒரே தமிழ்ச் சொல்லை வைத்துக்கொண்டு முகாமையே சிரிக்க வைப்பவன். மற்றபடி மூவரும் ஆங்கிலத்தில் பேசிக்கொள்வார்கள்.

இந்தப் பருவம் முழுக்கத் தோண்டியும் உடைந்த ஓடுகளைத் தவிர எதுவும் கிடைக்கவில்லை. அனுமதியை நீட்டிக்கச் சொல்லிக் கேட்க அகழாய்வுத் தலைவி லத்தீஃபா காலையில் நகரத்துக்குப் போயிருந்தார். மற்றவர்களுக்கு விடுமுறை. அந்த நேரம் பார்த்து முனீர் யாரிடமும் சொல்லாமல் அத்திமரத்தில் கயிற்றைக் கட்டிவிட்டு வாய்க்காலுக்குள் இறங்கிவிட்டான்; அவனைத் தேடி வந்த இருவர் கண்ணிலும் அந்தக் கயிறுதான் பட்டது. கழிவுநீர் ஓடிய வழியே ஏறினால் எந்தக் கட்டடத்திலிருந்து ஓடியது என்று தெரிந்துவிடும் என்பது அவன் கணக்கு.

கணக்கு சரிதான். ஆனால் கூரைக்கல் ஒன்று பெயர்ந்து விழுந்து, கயிற்றை அறுத்து, அவன் வலது காலையும் பிடித்துக்கொண்டது.

"மக்கா," என்றான் முனீர், விளக்கொளி முகத்தில் பட்டதும். உதடு வெளுத்திருந்தது. "வந்துவிட்டீர்களா!"

"வாயைத் தொறக்காத. ஒன்னை அப்புறம் கவனிச்சுக்கிடுதேன்," என்று தமிழிலேயே திட்டிக்கொண்டு பெனிட்டா அவன் தோளைப் பிடித்தாள். அன்வர்தீன் கடப்பாரையைக் கல்லுக்கடியில் கொடுத்து, முழு எடையையும் அதன்மேல் போட்டான். கல் முனகியது, அசைந்தது. "இழு!" பெனிட்டா இழுத்தாள். முனீர் அலறினான். கால் வெளியே வந்துவிட்டது!

மூச்சு வாங்கக்கூட நேரமில்லை. காலடியில் ஈரம் சில்லிட்டது. மேலேயிருந்து தண்ணீர், முதலில் நூலாக, அப்புறம் கை அகலத்துக்கு. மழை தொடங்கிவிட்டது.

முனீரைத் தாங்கிக்கொண்டு வாசலை நோக்கித் திரும்பினார்கள். வாசல் வெளிச்சம் கண்ணில் பட்டது. அப்போது மலையே பெருமூச்சு விட்டதுபோல் ஒரு சத்தம். வெளிச்சம் சுருங்கியது, சுருங்கியது, அணைந்தது!

சரிவு மண் மொத்தமாக இறங்கி வாயை அடைத்துவிட்டது.

அன்வர்தீன் பாய்ந்து மண்வாரியால் தோண்டினான். ஒரு வாரி எடுத்தால் இரண்டு வாரி சேறு உள்ளே வழிந்தது. "இது ஆவாது," என்று நிறுத்தினான். மேலேயிருந்து தண்ணீர் வருகிறது. கீழே வெளியேற வழியில்லை. கணுக்காலில் இருந்தது முழங்காலுக்கு ஏறிக்கொண்டிருந்தது.

"மேலே போனால்?" பெனிட்டா முனீரிடம் கேட்டாள்.

"கால் மாட்டுமுன்பே பார்த்துவிட்டேன்," என்றான் முனீர். "முழுக்க இடிபாடு. தண்ணீர் புகும், மனிதன் புக முடியாது."

பெனிட்டா கண்ணை மூடிக்கொண்டாள். அம்மா இந்நேரம் மீன் வாங்கிக்கொண்டு சந்தையிலிருந்து திரும்பியிருப்பாள் என்று சம்பந்தமே இல்லாமல் தோன்றியது.

"ஆனால் ஒன்று," முனீர் தயங்கினான். "கல் விழுந்த இடத்துக்குப் பக்கத்தில், சுவரில் ஒரு ஓட்டை. உள்ளே செங்கல் தூண்கள். குட்டைக் குட்டையாக."

பெனிட்டாவின் கண்கள் திறந்தன. "எவ்வளவு குட்டை?"

"என் இடுப்பளவுகூட இல்லை."

"எடே, அது குளியல் மாளிகை! வெந்நீர் அறையோட அடிப்பாகம். தரைக்குக் கீழ தூணு நிறுத்தி, அதுக்கு நடுவுல நெருப்போட சூட்டை ஓட விடுவாங்க. மேல இருக்கவன் வெறுங்காலோட கதகதன்னு நடப்பான்."

"அதனால நமக்கென்ன?"

"நெருப்பு இருந்தா அடுப்பு இருக்கணும். அடுப்பு இருந்தா அதை எரிக்க ஆள் வந்துபோக வழி இருக்கணும்லா!"

கல் விழுந்த இடத்துக்குத் திரும்பிப் போய், தோள் உயரத்தில் இருந்த ஓட்டைக்குள் முதலில் முனீரைத் தூக்கித் தள்ளினார்கள். அடுத்து பெனிட்டா. கடைசியாக அன்வர்தீன் ஏறியபோது தண்ணீர் அவன் இடுப்பைத் தொட்டிருந்தது.

உள்ளே உட்காரக்கூட முடியாது. வயிற்றால்தான் ஊர வேண்டும். எந்தப் பக்கம் விளக்கைத் திருப்பினாலும் வரிசை வரிசையாகச் செங்கல் தூண்கள், தூணுக்குப் பின்னால் தூண், அதற்குப் பின்னால் இருட்டு. காற்று பழைய கரி வாடை அடித்தது. முதுகுக்கு மேலே நகரத்தின் எடை முழுவதும் உட்கார்ந்திருந்தது.

"எந்தப் பக்கம்?" அன்வர்தீன் கேட்டான்.

தெரியவில்லை. பெனிட்டா வலப்பக்கம் ஊர்ந்தாள், சுவர் மறித்தது. திரும்பினாள், எந்த வழியாக வந்தோம் என்பதே குழம்பிப்போயிற்று. அதற்குள் பின்னால் அன்வர்தீன் கத்தினான். "பெனி! மாட்டிக்கிட்டேன்!"

அகலமான அவன் தோள்கள் இரண்டு தூண்களுக்கு நடுவே இறுகியிருந்தன. முன்னும் போக முடியவில்லை, பின்னும் வர முடியவில்லை. "மூச்சு... மூச்சு விட முடியல..." கைகள் மண்ணைப் பிறாண்டின. தூணை உடைக்கலாமென்றால் மேல்தளம் தலையில் இறங்கும்.

முனீர் காலை இழுத்துக்கொண்டு அவன் முகத்துக்கு நேரே வந்து படுத்தான். "என்னைப் பார். மூச்சை உள்ளே இழுக்காதே. வெளியே விடு. எல்லாவற்றையும் விடு." அன்வர்தீன் கண்ணை அவன் கண்ணில் பதித்தான். மூச்சை விட்டான். மார்பு ஒடுங்கியது. "இப்போது ஒரு கையை முன்னால் நீட்டு!" பெனிட்டா அந்தக் கையைப் பிடித்து இழுத்தாள். சட்டை கிழிந்தது, தோல் கிழிந்தது, அன்வர்தீன் வழுக்கிக்கொண்டு வந்து விழுந்தான்.

விழுந்தவன் முகம் ஒரு தூணின் அடியில் இருந்தது. அவன் வரைபடம் போடுகிறவன். பார்ப்பது அவன் தொழில். "பெனி, இந்தத் தூணப் பாத்தியா? செங்கல் செங்கலாத்தான் இருக்கு. அங்கன இருக்கது கறுத்திருக்கு. அதுக்கு அந்தாண்ட வெடிப்பு."

ஒரு நொடி. பிறகு, அவன் காட்டிய பக்கம் பார்த்ததும், மூவருக்கும் ஒரே நேரத்தில் விளங்கிற்று. தீ எங்கே எரிந்ததோ அங்கேதான் தூண் அதிகமாக வெந்திருக்கும்!

கறுப்பைத் தேடி ஊர்ந்தார்கள். வெடித்த தூண், அடுத்து பொரிந்துபோன தூண், அடுத்து பாதி உருகிக் கண்ணாடிபோல் மின்னிய தூண். பின்னால் தண்ணீர் ஓட்டையைத் தாண்டி உள்ளே பரவும் சலசலப்பு கேட்டது. கடைசியில் ஒரு வளைவு. அடுப்பின் வாய்! மேல்விளிம்புவரை சாம்பல் அடைத்திருந்தது.

"தோண்டு!"

மண்வாரியால், கையால், நகத்தால் தோண்டினார்கள். கண்ணிலும் மூக்கிலும் சாம்பல். அது சேறல்ல, தள்ளத் தள்ள விலகிற்று. பெனிட்டா தலையை நுழைத்தாள், உடலை நுழைத்தாள், உருண்டு மறுபக்கம் விழுந்தாள். நிமிர்ந்தாள். நிற்க முடிந்தது! பின்னாலேயே மற்ற இருவரும் வந்து சேர்ந்தார்கள்.

சிறிய அறை. வளைந்த கல்கூரை விரிசலில்லாமல் நின்றது. சுவரெல்லாம் கரி. ஒரு மூலையில் மண்கலயம், பக்கத்தில் கவிழ்ந்த கிண்ணம். தரைக்கல்லில் கட்டம் கீறி, மேலே கூழாங்கற்கள். யாரோ ஆட்டத்தைப் பாதியில் விட்டு எழுந்துபோனதுபோல. சுவரில் கூர்முனையால் கீறிய எழுத்துகள். பெனிட்டாவின் விளக்கு அவற்றின்மேல் நின்றது.

"என்ன எழுதியிருக்கிறது?" என்றான் முனீர்.

"டாமா. ஃபெலிக்ஸ். ஒனேசிமுஸ்." மூன்று பெயர்களை அவள் மெதுவாகப் படித்தாள், பிறகு அவற்றின் கீழிருந்த வரியை. "'எங்களுக்குக் குளிக்க இங்கே இடமில்லை. வியர்வையே போதும்.'"

முனீர் சிரித்தான். அந்த நிலைமையிலும் சிரித்தான். அடிமைகள். நாள் முழுக்க இங்கே நின்று யாருடைய கால்களுக்கோ சூடேற்றியவர்கள்.

"கதவைக் காணோம்," என்றான் அன்வர்தீன். வாசல் இருந்த இடத்தில் பெரும்பாறைகள் விழுந்து கிடந்தன. அடுப்பு வாயில் முதல் தண்ணீர் கோடாகக் கசிந்தது. திரும்பவும் அடைபட்டுவிட்டோமா?

"விறகு!" பெனிட்டா கத்தினாள். "இவ்வளவு விறகைத் தலையில சொமந்து கதவு வழியாவா கொண்டாருவாங்க? மேலருந்து தள்ளி விட்டிருப்பாங்கடே! சரிவா ஒரு துளை இருக்கணும், தேடு!"

முனீர்தான் கண்டுபிடித்தான். கூரையோரம் கற்களும் வேர்களும் அடைத்திருந்த சதுரம். வேரைத் தொட்டு முகர்ந்தான். "ஆலிவ். உயிருள்ள வேர். மேலே மரம் நிற்கிறது!"

அன்வர்தீன் கடப்பாரையால் குத்தினான். ஒரு கல் விழுந்தது. இன்னொன்று. சட்டென்று மழை அவன் முகத்தில் அடித்தது. நல்ல மழை, வானத்திலிருந்து நேராக வரும் மழை! துளை அகன்றதும் முனீரை முதலில் தோளில் ஏற்றி மேலே தள்ளினார்கள்.

மரத்தடியில் ஆடுகளோடு ஒதுங்கி நின்ற, முனீரின் ஊர்க்காரி மப்ரூக்கா, தன் காலடியில் பூமி பிளந்து ஒரு கறுத்த தலை முளைத்ததைக் கண்டு கம்பை ஓங்கினாள்.

"அடிக்காதே சித்தி! நான் முனீர்!" என்று அரபியில் கத்தல் கேட்டது. அவள் கம்பைத் தலைகீழாக்கி உள்ளே நீட்டினாள். ஒருவர்பின் ஒருவராக மூவரும் அதைப் பிடித்துக்கொண்டு வெளியே வந்து, ஆட்டு மந்தைக்கு நடுவே மல்லாந்து விழுந்தார்கள்.

லத்தீஃபா அன்று மாலை திரும்பியதும் முதலில் மூவரையும் கட்டிக்கொண்டார். பிறகு மூச்சு விடாமல் திட்டினார். மழைமேகத்தைப் பார்த்துக்கொண்டே வாய்க்காலில் இறங்கியவர்களை என்ன செய்யலாம் என்று கேட்டார். முனீர் கட்டுப்போட்ட காலோடு தலைகுனிந்து கேட்டுக்கொண்டான். தன் தவறு தன்னோடு போகாது, பின்னால் வருகிறவர்களையும் இழுத்துவிடும் என்பது அவனுக்கு அந்த ஓட்டைக்குள்ளேயே புரிந்துவிட்டது. தனியாக இறங்குவதில்லை என்று அவன் யாரும் கேட்காமலே சொன்னான்.

நீர் வடிந்தபின் மேலேயிருந்து முறையாகத் தோண்டினார்கள். அனுமதி நீண்டது. வெந்நீர் அறையின் பளிங்குத் தரை கிடைத்தது; அதில் வண்ணக் கற்களால் பதித்த மீன்கள் நீந்தின. செய்தியாளர்கள் வந்தார்கள். மீன்களைப் படம் எடுத்தார்கள்.

"வேறு ஏதாவது இருக்கிறதா?" என்று கேட்டார் ஒருவர், கிளம்பும்போது.

மூவரும் ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டார்கள். முனீர் தாங்குகட்டையை எடுத்துக்கொண்டு எழுந்தான்.

"இருக்கிறது," என்றான். "ஆனால் நீங்கள் குனிந்து வர வேண்டும்."

கையில் விளக்கோடு அவன் முன்னால் நடந்தான். பளிங்குப் படிக்கட்டைத் தாண்டி, ஆலிவ் மரத்தைச் சுற்றி, விறகு போட்ட துளையின் பக்கம்.