அய்யனுக்கு ஒரு மூலை

வெள்ளகோவிலைத் தாண்டினால் கிருபாசங்கரின் பங்களா கண்ணில் படும். படாமல் போகக்கூடாதென்றே வாசலில் இரண்டு சிமெண்டுச் சிங்கங்கள். பெயர்ப்பலகையில் அவர் பெயருக்கு முன்னால் மூன்று பட்டங்கள். மூன்றும் மேடைச் செலவோடு சேர்த்து வாங்கியவை.

கணினி சரிசெய்யும் தேஜஸ்ரீ மத்தியான வெயிலில் வந்து இறங்கினாள். மறுநாள் கிருபாசங்கரின் தந்தை சென்னிமலைக்கு முதலாமாண்டு நினைவு நாள். பெரியவரின் பழைய கணினியில் விண்டோஸும் இருக்க வேண்டும், போனில் ஓடும் ஆண்ட்ராய்டும் ஏற வேண்டும். வருகிறவர்களிடம் முன்னதைக் காட்டிக் கண்கலங்கலாம். பின்னதில் தன்னுடைய ரீல்ஸை ஓட்டலாம்.

"டிஸ்க்கைப் பிரிக்கணுமுங்க. பழசுக்கு எவ்வளவு எடம் உடட்டும்?"

"எங்கய்யனுக்கு ஒரு மூலை போதும் அம்மணி. மிச்சத்தை நம்முளுதுக்குப் போட்டுருங்க."

"பெரியவரு வெச்சிருக்கற போட்டோவெல்லாம் அழிஞ்சுருமுங்க."

"மாலை போட ஒண்ணு இருக்குதில்ல? போதும்."

காபி கொண்டுவந்த அவர் மனைவி செவ்வந்தி, அவர் போன் பேச நகர்ந்ததும் குனிந்தாள்.

"ஊடு கட்டுனப்பவும் இதையேதானுங்க சொன்னாரு. மாமனைக் கோடாலித் தைலப் புட்டியோட தோட்டத்து மோட்டார் ரூம்ல கொண்டுபோய் வெச்சாரு. விருந்தாளுக வந்தா வெளிய தாழ் போட்டுருவாரு." குரல் இன்னும் இறங்கியது. "ஒருக்கா தொறக்க மறந்துபோட்டாருங்க."

தேஜஸ்ரீ டிஸ்க்கைப் பிரித்து, ஆண்ட்ராய்டை ஏற்றி, கணினியை மறுபடி திறந்தாள். விண்டோஸா ஆண்ட்ராய்டா, எதற்குள் போவது என்று திரையில் இரண்டு வரிகள் கேட்டன.

கோடாலித் தைலத்தின் நெடி அடித்தது.

அளவைப் பார்த்தாள். தலைகீழ். டிஸ்க் முழுவதும் பழையதற்கு. புதியதற்கு ஒரு மூலை.

மறுபடி பிரித்தாள்.

மறுபடி அதே மூலை.

"நகருங்க, நானே பண்ணறேன். பட்டமெல்லாம் சும்மா குடுக்கலீங்க," என்று கிருபாசங்கர் நாற்காலியில் உட்கார்ந்தார்.

வேறு பென் டிரைவ் எடுக்க வண்டிவரை போய் வந்தாள் தேஜஸ்ரீ.

நாற்காலி காலி.

திரையில் ஆண்ட்ராய்டு. இனி இடமில்லை என்ற அறிவிப்பின் கீழே ஒரே ஒரு புகைப்படம். ஈரச் சுவர், மோட்டார், வாயைப் பிளந்தபடி கிருபாசங்கர்.

அந்தக் கணினியில் கேமராவே இல்லை.

இரண்டு பெண்களும் தோட்டத்துக்கு ஓடினார்கள். மோட்டார் ரூம் கதவு வெளியே தாழிட்டிருந்தது. தாழ்ப்பாளின்மேல் சிலந்தி வலை அறுபடாமல் இருந்தது.

உள்ளே அவர் குளிர்ந்து கிடந்தார். நகங்கள் பெயர்ந்திருந்தன.

மறுநாள் கூடத்தில் இரண்டு படங்களுக்கு மாலை விழுந்தது. பட்டங்களைக் கொடுத்தவர்கள் வந்து, பட்டங்களைப் பற்றியே பேசினார்கள்.

பேச்சின் நடுவே கணினி தானாகத் திறந்துகொண்டது. பெரியவரின் படங்கள் ஒன்றுவிடாமல் வரிசையாக வந்தன. திரையின் ஓரத்தில், தீப்பெட்டி அளவில், கிருபாசங்கரின் ரீல் ஓடியது. வாய் அசைந்தது, பேச்சு கேட்கவில்லை.

கதவைத் தட்டும் சத்தம் மட்டும் கேட்டது.

செவ்வந்தி எழுந்துபோய்ச் சத்தத்தைக் குறைத்தாள்.

குறையவில்லை.