நாலாவது புள்ளி

கண்ணாடியில் அவர் ஒட்டியது மூன்று புள்ளிகள். இப்போது நான்கு இருந்தன.

கிப்பி ஹால்க்ரோ மூக்குக்கண்ணாடியைக் கழற்றித் துடைத்து மறுபடி மாட்டிப் பார்த்தார். நான்குதான்.

மறுநாள் திறப்பு விழா. ஸ்காட்லாந்துக்கு வடக்கே ஷெட்லாந்துத் தீவுகளின் வடகோடிக் குன்றில் ராணுவம் கைவிட்டுப்போன ரேடார் நிலையம் அருங்காட்சியகமாகிறது. அரசரின் பிரதிநிதி இறகுத் தொப்பியோடு வருகிறார். நிலையத்தின் வரலாற்றை எழுதி அச்சடித்தவர் கிப்பி. வேலையில் இருந்தபோது சாதாரணச் சிப்பாய். ஓய்வுபெற்ற பிறகு வருஷத்துக்கொரு பதவி உயர்வைத் தமக்குத் தாமே கொடுத்துக்கொண்டு, இப்போது ஏறக்குறைய தளபதி. "இந்த நிலையத்தின் கண்ணில் படாமல் ஒரு ஈகூடத் தீவுக்குள் நுழைந்ததில்லை" என்பது வரலாற்றின் முதல் வரி. ரேடாரின் குவிமாடத்தையே ஒரு புயல் தூக்கிக்கொண்டு போனதைப் பற்றி வரலாறு வாய் திறக்கவில்லை.

மிச்சத்தைப் பழைய இரும்புக்காரன் அள்ளிப் போய்விட்டான். ஆகவே அவர் புள்ளி ஒட்டிய இந்த ரேடார் திரை வெறும் பொம்மை. வட்டக் கண்ணாடி, அதில் தீவின் வரைபடம், நட்டநடுவில் இந்த நிலையம், பின்னால் சலவை இயந்திர மோட்டார் ஒன்று சுற்றிவிடும் பச்சை விளக்குக் கோடு. அது எதையும் பார்க்காது. பார்க்க அதற்குக் கண்ணே இல்லை.

கோடு ஒரு சுற்றுச் சுற்றி வந்தது. மேற்குக் கடலில் இருந்த நாலாவது புள்ளி மயிரிழை நகர்ந்திருந்தது. கரையை நோக்கி.

டிசம்பர் மாதம், பிற்பகலிலேயே பொழுது செத்திருந்தது. ஜன்னலில்லாத அந்த அறையில் ஈரச் சிமெண்டின் நாற்றமும் புதுப் பெயின்ட் வாடையும் அவற்றுக்கு அடியில் எங்கிருந்தோ அழுகிய கடற்பாசியின் மணமும் கலந்து நிற்க, கம்பிவேலியில் காற்று விசிலடிப்பதும் மோட்டார் முனகுவதும் மாறி மாறிக் கேட்க, அந்தப் புள்ளியைத் தமக்கு முன்பே தெரியும் என்பது, அவருக்கு மெல்ல உறைத்தது.

பல வருஷங்களுக்கு முன், நிலையத்தை மூடிய நாள். முற்றத்தில் பேண்டு வாத்தியம். இதே நாற்காலியில் கிப்பி. வருகிற எதையும் கண்ணாடிப் பலகையில் மெழுகுப் பென்சிலால் குறிக்க வேண்டும். இன்னதென்று தெரியும்வரை அழிக்கக் கூடாது.

"ஐயா, மேற்கே ஏதோ வருதுங்க. கூப்பிட்டா பதில் இல்லை. நடக்கிற வேகம்தான்."

"கடல்ல எவன்யா நடந்து வர்றான்?" என்றார் அன்றைய தளபதி, மீசையை நீவியபடி. "கொடி இறங்குறப்ப பலகை பளிச்சுனு இருக்கணும். துடைய்யா."

கிப்பி சட்டைக்கையால் துடைத்தார். போட்டோ எடுத்தார்கள். அந்தப் படம்தான் வரலாற்றின் அட்டை.

துடைத்ததால் அது திரும்பிப் போய்விடவில்லை. அவசரப்படவும் இல்லை, அவ்வளவுதான்.

மேசையில் தொலைபேசி அலறியது. தங்கை ஓஸ்லா, கீழே சாலையோர வீட்டிலிருந்து.

"அண்ணே, நீ மேலதானே இருக்கே?"

"ஏன்?"

"இப்பத்தான் யாரோ நம்ம வாசலைத் தாண்டி மேட்டுல ஏறினாங்க. அப்படியே உன் நடை. நீதான்னு நினைச்சு, சூப் ஆறுதுன்னு கத்தினேன். திரும்பக்கூட இல்லை. தொப்பலா நனைஞ்சிருந்தாங்க."

"மழையா அங்க?"

"ஒரு பொட்டு இல்லை."

அவர் திரையைப் பார்த்தார். புள்ளி கரையேறிவிட்டிருந்தது. ஓஸ்லாவின் வீட்டைத் தாண்டிச் சாலையில் இருந்தது.

"என்னண்ணே பேச்சையே காணோம்? வண்டி எடுத்துட்டு வரட்டுமா? தளபதியாருக்குப் பயமோ?"

ஆமாம் என்று ஒரு சொல் போதும். வந்துவிடுவாள். ஆனால் அந்தச் சொல் நாளைக்கு இறகுத் தொப்பிக்கு முன்பே ஊர்க் கடைக்கு வந்து சேரும்.

"எனக்கென்னடி பயம்? வேலை கிடக்கு."

வைத்துவிட்டார். வைத்த பிறகுதான் நினைவு வந்தது: கீழே இறங்க ஒரே சாலை. அது ஏறிவருகிற சாலை.

வேலிக்கதவு கிரீச்சிட்டது.

மோட்டாரின் கம்பியைப் பிடுங்கினார். கோடு சுற்றிக்கொண்டேயிருந்தது. சட்டைக்கையால் புள்ளியைத் துடைத்தார். போகவில்லை. அழுத்தித் துடைத்தார். சட்டைக்கை நனைந்தது. நாக்கில் வைத்துப் பார்த்தார்.

உப்பு.

நடைவழியில் காலடி. சதக். சதக். கதவருகில் நின்றது.

"யாரது? பேரைச் சொல்லு!"

பதில் இல்லை. அன்றைக்கும் இல்லை.

புள்ளி நட்டநடுவில். அதாவது, இந்த அறையில்.

பச்சைக் கோடு அணைந்தது. மேசை விளக்கின் வெளிச்சத்தில், கறுத்த கண்ணாடியில் அவர் முகம். அதன் பின்னால் இன்னொரு தோள். நீர் சொட்டும் சட்டைக்கை ஒன்று நிதானமாக வந்து கண்ணாடியில் பதிந்து, ஓரத்திலிருந்து துடைக்கத் தொடங்கியது. துடைத்த இடத்தில் அவர் காது இல்லை. அப்புறம் கன்னம் இல்லை.

தொலைபேசி அடித்தது. தடவி எடுத்தார்.

"அண்ணே? எனக்கு மனசே கேக்கலை. வரட்டுமா? ஆமான்னு சொல்லேன்."

சொல்லிவிடலாம் என்று வாயைத் திறந்தார். கண்ணாடியில் ஈரச் சட்டைக்கை வாய் இருந்த இடத்துக்கு வந்திருந்தது.