பனி கொட்டிய அன்று திறக்காத ஜன்னல்

ஏப்ரல் மாதம், செவ்வாய்க்கிழமை, காலை எட்டு மணி. தியேர் நகரத்தின் செங்குத்தான சந்து ஒன்றில், இரண்டாவது மாடிக் கதவைப் பூட்டுக்காரர் துளைபோட்டுத் திறந்தார். காலி செய்யச் சொல்லிக் கோர்ட் தீர்ப்பு வந்து இரண்டு வருடம். குளிர்காலத்தில் யாரையும் வெளியேற்றக் கூடாது என்ற தடையும் முடிந்துபோய், இன்றுதான் தீர்ப்பை நிறைவேற்றும் கோர்ட் அமீனாவோடு போலீஸ் வந்து சேர்ந்திருந்தது.

குடித்தனக்காரர் அன்செல்ம் வோத்ரி கதவுக்குப் பக்கத்தில் நாற்காலியில் உட்கார்ந்திருந்தார். மேல்கோட்டுக்குப் பொத்தான் போட்டு, காலில் ஷூ மாட்டி, மடியில் போர்வையோடு. செத்துப்போயிருந்தார்.

"ஐயோ மாதாவே!" என்று வீட்டுச் சொந்தக்காரி ஓடில் பெராஷோன் படியிலேயே சரிந்து உட்கார்ந்தாள்.

கூட நிற்க மட்டும் வந்த போலீஸ் லெப்டினன்ட் நாதேஜ் பூர்தெல் தொப்பியைக் கழற்றினாள். டாக்டர் வந்து பார்த்தார்.

"இதயம் நின்னுபோச்சு. ரெண்டு மாசத்துக்குக் குறையாது. கணப்பு மூட்டாத வீடு, அதான் உடம்பு இந்த அளவுக்காவது தங்கியிருக்கு."

எதிர்ச் சலவைக்கடை ரெஜிஸ் வாயைப் பிளந்தார். "ரெண்டு மாசமா? நேத்து சாயங்காலம்கூட ஜன்னல் மரக்கதவைச் சாத்தினாரே! காலைல திறப்பாரு, பொழுது சாய்ஞ்சா மூடுவாரு. கெடிகாரம் தோத்துடும்."

"முகத்தைப் பாத்தீங்களா, முசியே?" என்றாள் நாதேஜ்.

"கையை மட்டும்தான். கையுறை போட்ட கை."

"ஒரு நாளும் தவறலையா?"

"ஒரே ஒரு நாள். மார்ச்ல பனி கொட்டுச்சே, பஸ்கூட ஓடல. அன்னிக்கு முழுக்கச் சாத்தியே கிடந்துச்சு. கிழவர் குளிருக்குச் சுருண்டுட்டார்னு நெனச்சேன்."

நாதேஜ் ஜன்னல் மரக்கதவைத் திறந்து வெளிச்சம் விட்டு, வீட்டைப் புரட்டினாள். நாற்காலிக்குப் பின்னால் கட்டிவைத்த பெட்டி. மேசைமேல் தட்டில் காய்ந்து வறண்ட கிரேப் தோசை இரண்டு. சாவி மட்டும் எங்கும் இல்லை. கோட்டுப் பையிலும் இல்லை. கதவோ இரண்டு சுற்றுப் பூட்டியிருந்தது என்றார் பூட்டுக்காரர்.

அமீனா ஃபூர்னோல் பெருமூச்சு விட்டார். "இடத்தைக் கொடுத்தா மடத்தைப் பிடுங்கற கதைதான் லெப்டினன்ட். பூட்டையே மாத்திட்டாரு கிழவர். வயசானவரு, போலீஸ் அனுப்ப மாட்டோம்னு போன கோடையில மேலிடம் கையை விரிச்சிடுச்சு. அப்படின்னா வீட்டுக்காரிக்கு அரசாங்கம்தான் நஷ்டஈடு தரணும். அவரு உள்ள இருக்கற வரைக்கும் மாசாமாசம் ஏறும்."

"போயிட்டா?"

"அன்னியோட நின்னுடும். கூரை ஒழுகற வீடு, ரிப்பேர் பாக்காம வேற ஆளுக்கு விடவும் முடியாது. கடன் கொடுத்த பேங்க் ஏலம் போடக் காத்திருக்கு. இந்த நஷ்டஈட்டை நம்பித்தான் மதாம் மூச்சு விடறாங்க."

யாரையாவது வெறுக்க முடிந்தால் இந்த உத்தியோகம் எவ்வளவு சுலபம்! நாதேஜ் படியில் ஓடிலுக்குப் பக்கத்தில் உட்கார்ந்தாள்.

"இந்த வீட்டுச் சாவி இருக்கா, மதாம்?"

"எனக்கேது? அவரு பூட்டை மாத்திட்டாரே."

"எங்க தங்கியிருக்கீங்க?"

"மேட்டு ஊர்ல. தங்கச்சி வீட்டு அடுக்களையில படுத்துக்கறேன்."

"எப்படி வந்து போவீங்க?"

"பஸ்லதான்…" சொல்லிவிட்டு ஓடில் உதட்டைக் கடித்தாள்.

"பஸ் ஓடாத அன்னிக்கு இந்த ஜன்னல் திறக்கல. உள்ள இருக்கற மனுஷனுக்கு ஜன்னலைத் திறக்க பஸ் எதுக்கு? கதவு பூட்டியிருக்கு, உள்ள சாவி இல்ல. அப்போ வெளியிலிருந்து யாரோ பூட்டியிருக்காங்க. கோட்டு மாட்டி, பெட்டி கட்டி வச்சவர் காலி பண்ணத்தானே உட்கார்ந்திருந்தார்? சாவியை உங்க கையிலதான் கொடுத்தார். நீங்கதான் அவரை இங்கயே குடியிருக்க வச்சிருக்கீங்க. மேசைமேல கிரேப் வேற. மெழுகுவத்தித் திருநாளுக்குத்தானே வீட்டுக்கு வீடு அதைச் சுடுவாங்க?"

ஓடில் சட்டைக்குள்ளிருந்து சாவியை எடுத்தாள்.

"பிப்ரவரி ரெண்டு. 'ஜெயிச்சிட்டே ஓடில், வந்து வாங்கிக்கோ'ன்னு போன் பண்ணினார். தங்கச்சி சுட்ட கிரேப்ல ரெண்டு கொண்டுவந்தேன். சாவியைக் கொடுத்துட்டு, மூச்சு வாங்கிக்கறேன்னு உட்கார்ந்தார். எழுந்திருக்கவே இல்ல. எப்போ தொலைவார்னு ரெண்டு வருஷம் வேண்டிக்கிட்டவ நான். தொலைஞ்சதும், இன்னும் கொஞ்ச நாள் இருங்கன்னு போர்த்திவிட்டேன்."

"பெட்டியோட எங்க போறதா இருந்தார்?"

"கேக்கலையே. நான் கேக்கவே இல்லையே."

அமீனா தாளை விரித்தார். "காலி செய்த தேதி என்னன்னு போடறது?"

ஓடில் நாதேஜின் கையைப் பிடித்துக்கொண்டாள். "இன்னிக்குன்னு போடுங்களேன். இல்லேன்னா வீடு போயிடும்மா."

நாதேஜ் செத்தவரின் ஷூவைப் பார்த்தாள். புறப்பாட்டுக்காக மெருகு போட்ட ஷூ, இப்போது தூசி படிந்து கிடந்தது.

"பிப்ரவரி ரெண்டு," என்றாள்.

அமீனா எழுதிக்கொண்டார். ஓடில் எழுந்து கண்ணைத் துடைத்துக்கொண்டாள். யாரும் சொல்லாமலே உள்ளே ஜன்னலருகே போய், கையை நீட்டி மரக்கதவு இரண்டையும் இழுத்துச் சாத்தினாள். மணி பத்துகூட ஆகவில்லை.

நாதேஜ் இருட்டிலேயே விலங்கை எடுத்தாள்.