மின்கம்பத்துக்குத் தடை சொன்னவள்

"உன் கையால எனக்குக் காப்பி வேண்டாம்" என்று மாமியார் இசிதோரா கோப்பையைத் தள்ளிவைத்தாள். "என் மூத்த பிள்ளை வீட்டை இருட்டுல வச்சவ நீ. இன்னைக்குக் கோர்ட்டுல நிக்க வச்சுக் கேப்பாங்க... அப்பத் தெரியும்."

பெர்ப்பெத்துவா பூண்டுச் சோற்றையும் பொரித்த கருவாட்டையும் கணவனின் தட்டில் வைத்தாள். நார்சிசோ தலையைத் தூக்கவே இல்லை.

போஹோல் தீவில் அவர்கள் வாழ்ந்த தென்னந்தோப்பு, அவளுக்கு அவள் அப்பா கொடுத்தது. அதைத் தாண்டி மேட்டில் நார்சிசோவின் அண்ணன் தெல்பினும் வேறு சில குடும்பங்களும் இருந்தார்கள். தோப்பு வழியாகக் கம்பம் நட்டால்தான் அவர்களுக்கு மின்சாரம். போன மழைக்காலத்தில் மண்ணெண்ணெய் விளக்கு சாய்ந்து தெல்பின் வீட்டுக் கூரை பற்றிக்கொண்டது. அவன் மனைவியின் கை வெந்துபோனது. அதற்குப் பிறகும் தோப்பிலிருந்து சம்மதம் வராததால் மின்சாரக் கூட்டுறவுச் சங்கம் வழக்குப் போட்டது.

உண்மையில் தடுத்தவன் நார்சிசோ. ஊர்த் திருவிழாவில் எல்லார் முன்னாலும் அண்ணன் அவனைப் பார்த்து, "பொண்டாட்டி நிலத்துல ஒண்டிக் கிடக்கிறவன்" என்று சிரித்திருந்தான். அந்தக் கோபத்தில், கம்பம் நட வந்தவர்களை அவன் விரட்டிவிட்டான். "கூடப் பிறந்தவனுக்கு இப்படிச் செஞ்சவன் என் சவப்பெட்டியைத் தொடக் கூடாது" என்று இசிதோரா நெஞ்சைப் பிடித்துக்கொண்டு அழுதபோது, பெர்ப்பெத்துவா பதறிப்போய் முன்னால் வந்தாள்.

"நான்தான் அத்தை வேண்டாம்னேன். என் நிலம்."

அன்றிலிருந்து ஏச்செல்லாம் அவளுக்குத்தான்.

கோர்ட்டில் பைபிள் மேல் கை வைத்து உண்மையே சொல்வேன் என்று சொன்ன பிறகுதான், தான் மாட்டிக்கொண்டது அவளுக்கு உறைத்தது. பொய் சொல்ல முடியாது. உண்மையைச் சொன்னால் புருஷன் தாயை இழப்பான்.

"கம்பம் வேண்டாம்னு சொன்னது யாரும்மா?" என்றார் வக்கீல்.

அவள் பைபிளையே பார்த்துக்கொண்டு நின்றாள்.

"பதில் சொல்லலைன்னா கோர்ட்டை அவமதிச்சதாகும்" என்றார் நீதிபதி.

"என்னால சொல்ல முடியாதுங்க... வேணும்னா என்னை ஜெயில்ல போடுங்க."

நீதிபதி காவலரைப் பார்த்தார். காவலர் இரண்டடி எடுத்து வைத்ததும் பின்னால் பெஞ்சு தடாலென்று சாய்ந்தது. நார்சிசோ எழுந்து நின்றிருந்தான்.

"அவ இல்லீங்க ஐயா. நான்தான். அண்ணன் மேல இருந்த ஆத்திரத்துல... அம்மாவுக்குப் பயந்து அவளைப் பேச்சு வாங்க விட்டுட்டேன்."

கூடமே சலசலத்தது. தெல்பின் முகத்தை மூடிக்கொண்டான். இசிதோராவின் கையிலிருந்த ஜெபமாலை நழுவி விழுந்தது.

சத்தம் அடங்கியதும் நீதிபதி பெர்ப்பெத்துவாவிடம் திரும்பினார். "நிலம் உங்க பேர்ல இருக்கு. உங்க விருப்பம் என்ன?"

அவள் கண்ணைத் துடைத்துக்கொண்டாள். "இத்தனை நாள்ல இதை என்கிட்ட ஒருத்தரும் கேக்கலீங்க. கம்பம் வரட்டும். ஓடை ஓரமா நட்டா மரம் அதிகம் வெட்ட வேண்டாம். என் ஓரகத்தி கை வேகறதுக்கு முன்னாடியே வந்திருக்கணும்."

வெளியே படிக்கட்டில் தெல்பின் தம்பியின் சட்டையைப் பிடித்தான். அடிக்கப் போகிறான் என்று எல்லாரும் நினைத்தார்கள். "என் வாய்தான்டா எல்லாத்துக்கும் காரணம்" என்று அவனைக் கட்டிக்கொண்டான்.

நார்சிசோ மனைவியிடம் வந்து நின்றான். "பெர்ப்பெ... என்னை மன்னிச்சிடு."

"மன்னிப்பேன். கொஞ்ச நாளாகும்" என்றாள் அவள், குரல் உயராமல்.

ஊருக்குத் திரும்பும் ஜீப்பில் அவள் பக்கத்தில் உட்காரப் போனவனை இசிதோரா தள்ளினாள். "நீ பின்னால போடா. இது என் இடம்."

மருமகளை ஒட்டி உட்கார்ந்தாள். வண்டி கிளம்பியதும் அவள் தோளில் முகத்தைப் புதைத்து விம்மினாள். பெர்ப்பெத்துவா அந்த நரைத்த தலையைத் தன்னோடு சேர்த்து அணைத்துக்கொண்டாள்.