நாலு விரலுக்கும் ஒரே எண்

அர்செலி அந்த மாவட்ட மருத்துவமனையின் ஆவண அறையில் வேலைக்குச் சேர்ந்த வாரம் முழுக்க மழை. கரும்புக்காட்டுச் சேறு வராந்தாவரை ஏறி வந்துவிட்டது. அறைக்குப் படி இறங்கிப் போகவேண்டும். சுவரெல்லாம் ஓதம், பழைய காகித வாடை. காலையில் கதவைத் திறந்ததும் எல்லோரும் மனோங், அதாவது அண்ணன், என்று கூப்பிடும் மூத்த எழுத்தர் தெலெஸ் இருட்டைப் பார்த்து, "வழி விடுங்க, வழி விடுங்க. வேலைக்குத்தான் வந்திருக்கோம்" என்று அனுமதி கேட்ட பிறகே உள்ளே கால் வைப்பார். அர்செலிக்குச் சிரிப்பு பொத்துக்கொண்டு வரும்.

"சிரிக்காத இண்டாய்," என்பார், மகளே என்று கூப்பிடுகிற மாதிரி. "இங்க சம்பளம் வாங்காம இருக்கிறவங்க நம்மளவிட அதிகம்."

மருத்துவர் எழுதும் ஒவ்வொரு நோய்க்கும் காயத்துக்கும் உரிய எண்ணைப் போட்டுக் கணினியில் ஏற்றுவதுதான் அவள் வேலை. எண்ணைப் பார்த்துத்தான் காப்பீட்டு அலுவலகம் பணம் தரும். எழுதியிருப்பதை மட்டுமே எண்ணாக்க வேண்டும், ஊகித்து ஒன்றும் சேர்க்கக் கூடாது. ஒரே ஆளுக்கு ஒரே எண் மறுபடி வந்தால் திரையில் அந்த வரி சிவக்கும். இரட்டைப் பதிவு என்று அழித்துவிட வேண்டும். அழிக்காவிட்டால் அனுப்பிய கோப்புக் கட்டு மொத்தமும் காப்பீட்டு அலுவலகத்திலிருந்து திரும்பி வரும், திட்டு அவள் தலையில் விழும். அவளோ இன்னும் தற்காலிகம்தான். சின்னத் தப்புக்கும் சீட்டுக் கிழியும்.

அன்று மதியம் மனோங் பட்சோய் நூடுல்ஸ் சூப் குடிக்கப் போயிருந்தார். திரையில், ஏற்றாமல் கிடந்த பழைய சீட்டுகளில், எவஞ்சலின் தூபோங் என்ற பெயரில் நான்கு வரிகள். நான்குக்கும் ஒரே எண், எஸ் 62.6, விரல் எலும்பு முறிவு. மூன்று வரிகள் சிவந்திருந்தன.

அழிக்கும் பொத்தானில் விரலை வைத்தாள்.

டொக்.

சான்றிதழ் கேட்டு வருகிறவர்கள் தட்டும் சின்ன ஜன்னல். எழுந்து போய்த் திறந்தாள். யாரும் இல்லை. ஈரமான மாவுக்கட்டின் வாடை மட்டும் முகத்தில் அடித்தது. ஜன்னல் பலகையில் வெள்ளைத் தூள் படிந்திருந்தது. அதில் ஒரே ஒரு கட்டைவிரல் பதிவு.

கட்டுப் போடும் அறைப் பையன்கள் விளையாடுகிறார்கள் என்று நினைத்துக்கொண்டு திரும்பி வந்தாள். மறுபடி பொத்தானில் விரலை வைத்தாள்.

"அது வேற விரல்."

காதுக்குப் பக்கத்தில், பெண் குரல்.

மனோங் திரும்பி வந்தபோது அர்செலி வியர்த்து விறுவிறுத்து, அலமாரியிலிருந்து நான்கு காகிதக் கோப்புகளையும் இழுத்துப் போட்டிருந்தாள். முதலில் ஆள்காட்டி விரல். அப்புறம் நடுவிரல், மோதிர விரல், சுண்டுவிரல். எல்லாம் வலது கை. காரணம் நான்கிலும் ஒன்றே: கதவில் நசுங்கியது.

"மனோங், இது இரட்டைப் பதிவு இல்ல. நாலும் நாலு விரல்."

"நாலுக்கும் ஒரே நம்பர்தானே இண்டாய். கட்டைவிரலுக்கு மட்டும்தான் தனி நம்பர். புத்தகம் போட்டவனுக்கு அது மேல மட்டும் பாசம் போல."

"இந்தம்மா இப்ப எங்க?"

அவர் முகம் சுண்டிப்போனது. "ஆகஸ்ட்ல வாய்க்கால்ல விழுந்து செத்துப்போச்சு. புருஷன்காரன் தங்கமான மனுஷன். ஒவ்வொரு தடவையும் அவனேதான் கூட்டிட்டு வந்தான்."

அந்த நேரம் பார்த்து அவசரப் பிரிவிலிருந்து புதிய சீட்டுகள் இறங்கி வந்தன. மேலே இருந்த சீட்டில் கிரிஷா தூபோங், வயது எட்டு. வலது ஆள்காட்டி விரல் முறிவு. கதவில் நசுங்கியது. கட்டுப் போட்டாயிற்று, தந்தையுடன் வீட்டுக்குப் போகலாம்.

அர்செலி அதை எவஞ்சலினின் முதல் கோப்புக்குப் பக்கத்தில் வைத்தாள். அதே குடும்பப் பெயர், அதே முகவரி. அம்மாவுக்கும் ஆள்காட்டி விரலில்தான் தொடங்கியது.

"நான் மேல போய் டாக்டர்கிட்ட சொல்றேன்."

"எதுக்கு வம்பு? எழுதினதைத்தான் நாம எழுதணும். வந்து ஒரு வாரம் ஆகல, வேலை போயிரும்."

அவள் தயங்கினாள். வீட்டில் அவள் சம்பளம் ஒன்றுதான்.

மின்சாரம் போனது.

டொக்.

டொக்.

ஜன்னல் தானே திறந்தது.

மழை வெளிச்சத்தில், மாவுக்கட்டுப் போட்ட கை ஒன்று பலகைமேல் வந்து படிந்தது. நான்கு விரல்கள் நான்கு திசையில் திரும்பிக் கிடந்தன. கட்டைவிரல் மட்டும் நேராக இருந்தது.

அது மெல்ல நிமிர்ந்து மேலே காட்டியது.

மனோங் சுவரோடு ஒட்டி ஒதுங்கி, தானே வழி விட்டார். அர்செலி கோப்புகளை மார்போடு அணைத்துக்கொண்டு படியேறி ஓடினாள்.

வாசல் முகப்பில் சிறுமியின் கட்டில்லாத கையைப் பிடித்தபடி அப்பன்காரன் குடையை விரித்துக்கொண்டிருந்தான். கட்டுப் போட்ட அவசரப் பிரிவு டாக்டர் பெர்மெஹோ எரிச்சலோடு திரும்பினார். "நம்பர் போடுற பொண்ணுக்கு இங்க என்ன வேலை?"

"டாக்டர், இவளோட அம்மாவுக்கும் இதே விரல்லதான் ஆரம்பிச்சுது. ஒவ்வொண்ணா நாலும் போச்சு. இதைப் படிச்சுட்டு என்னைத் திட்டுங்க."

படிக்கப் படிக்க அவர் முகம் மாறியது. சிறுமியின் முன்னால் குந்தி உட்கார்ந்தார். "எந்தக் கதவும்மா?"

"அதான் சொன்னேனே டாக்டர், காத்துல அடிச்சு மூடிக்கிச்சு" என்றான் அப்பன்காரன்.

சிறுமி அவனைப் பார்க்கவில்லை. அர்செலியின் தோளுக்குப் பின்னால் யாரையோ பார்த்தாள். பார்த்ததும் அவளுக்குத் தைரியம் வந்துவிட்டது.

"எங்க வீட்ல கதவே இல்ல. துணிதான் தொங்குது."

அர்செலி திரும்பினாள். யாரும் இல்லை. மாவுக்கட்டு வாடை மட்டும்.

சிறுமியை வார்டில் வைத்துக்கொண்டார்கள். கத்திக் கூப்பாடு போட்ட அப்பன்காரனைக் காவல் ஜீப் ஏற்றிக்கொண்டு போனது. அர்செலி கீழே வந்து மேசையில் தலை கவிழ்ந்து ஒரு பாட்டம் அழுதாள். எவஞ்சலினின் நான்கு வரிகளில் ஒன்றையும் அழிக்கவில்லை.

மின்சாரம் வந்தது. வேலை முடிகிற நேரத்தில் கடைசிச் சீட்டும் வந்தது. அதைப் படித்த மனோங் நாற்காலியைத் தடவிப் பிடித்து உட்கார்ந்தார்.

தூபோங், ஆண். வலது கையில் நான்கு விரல்கள் முறிவு. கட்டைவிரலுக்குச் சேதமில்லை. காரணம், நோயாளி சொன்னபடி: ஜீப் கதவில் நசுங்கியது.

"இண்டாய்," என்றார் தாழ்ந்த குரலில். "அந்த ஜீப்பு கிளம்பும்போது நான் வாசல்ல நின்னு பார்த்தேன். நாலு பக்கமும் தொறந்த வண்டி. அதுக்குக் கதவே கிடையாது."

அர்செலி சீட்டை வாங்கினாள். இரண்டு முறை படித்தாள். பயத்தோடு உள்ளுக்குள் எங்கோ ஒரு நிம்மதியும் இருந்தது. அந்த நிம்மதிதான் அவளை அதிகம் பயமுறுத்தியது.

"எழுதினதைத்தானே நாம எழுதணும், மனோங்" என்று சொல்லிவிட்டு எண்ணைப் போட்டாள்.

ஜன்னல் பலகையில் யாரோ மெதுவாக விரல்களால் தட்டும் சத்தம் கேட்டது. முன்பு கேட்ட கட்டைச் சத்தம் இல்லை. ஒவ்வொரு விரலாக, இதமாக.

போய்த் திறந்தாள். வெள்ளை மாவில் ஐந்து விரல்களும் நேராகப் பதிந்திருந்தன. மாவில் இன்னும் ஈரம் காயவில்லை.