முப்பத்தேழாம் பக்கம்

நிலவுக் குடியிருப்பில் பல் துலக்கி முடிப்பதற்குள் பதினோரு முறை "சம்மதம்" சொல்ல வேண்டும். தண்ணீர்க் குழாய்க்கு ஒன்று, காற்றுக்கு ஒன்று, முகம் பார்க்கும் கண்ணாடிக்கு ஒன்று. பிறந்த அன்றே காதுக்குள் பதிக்கப்படும் செவிச்சில்லு, ஒவ்வொன்றுக்கும் பக்கம் பக்கமாக நிபந்தனைகளைக் கண்முன் ஓட்டும். யாரும் படிப்பதில்லை. வாயால் சொல்லிவிட்ட சம்மதத்தைத் திரும்பப் பெறவும் முடியாது. சட்டம் அப்படி.

கயற்கண்ணி எடுத்த சோதனைப் படத்தில் கதை கிடையாது. நாற்பது நிமிடமும் திரையில் ஒரே ஒரு வாய். பால்பல் முளைத்த நாள் முதல் பொக்கையாகும் வரை அது "சம்மதம்" என்று மட்டுமே சொல்கிறது.

அதைப் பார்க்கத் தணிக்கை வாரிய அதிகாரி இருதயராஜ் வந்து உட்கார்ந்தார். அவர் மறுத்தால் படம் அழிக்கப்படும், எடுத்தவளின் நினைவிலிருந்தும்தான். ஆறு வருட உழைப்பு.

வழக்கம்போல் முதலில் படத்துக்கான நிபந்தனைகள் அவர் கண்முன் ஓடின.

"சம்மதம், சம்மதம். படத்தப் போடும்மா."

படம் முடிந்தது.

"ஏம்மா, இதுல ஒரு பாட்டு உண்டா? ஒரு சண்டை உண்டா?"

"இல்ல சார்."

"எங்க சட்டத்தக் குத்திக் காட்டுறது மட்டும் நல்லாத் தெரியுது. அழிச்சிட வேண்டியதுதான். பயப்படாத, வலிக்காது. சாயங்காலம் நீ படம் எடுத்ததே உனக்கு ஞாபகம் இருக்காது."

"அழிக்க முடியாது சார். முப்பத்தேழாம் பக்கத்தப் பாருங்க."

அவர் நிபந்தனைகளைப் பின்னுக்கு ஓட்டி, உதடு அசையப் படித்தார்: "இப்படத்தைப் பார்க்கும் அதிகாரி, இதைப் பொதுவில் திரையிட அனுமதி அளிக்கிறார்."

"அடிப்பாவி! இதையெல்லாம் எவன் படிக்கிறான்?"

"அதத்தான் சார் படமா எடுத்திருக்கேன்."

சட்டத்தை எழுதியதே அவருடைய வாரியம். முனகிக்கொண்டே சான்றிதழில் கைரேகை வைத்தார். இனி அந்த ஆறு வருடமும் கயற்கண்ணியுடையது.

"முதல் காட்சிக்கு வீட்ல அக்காவையும் கூட்டிட்டு வாங்க சார்."

சான்றிதழைப் பெற்றுக்கொள்வதற்கான வாரியத்தின் நிபந்தனைகள் அவள் கண்முன் ஓடத் தொடங்கின. ஐம்பது பக்கம் இருக்கும். "சம்மதம், சம்மதம்" என்று சொல்லிக்கொண்டே துள்ளலாக வாசலுக்கு நடந்தாள்.

அன்று முதன்முறையாக இருதயராஜ் சிரித்தார்.

"ஏம்மா, எங்களோட முப்பத்தேழாம் பக்கத்த நீ படிச்சியா?"